பொறாமை: தன்மை இடத்தில் வராத சொல்

காலையில் கரை சேர்ந்த வள்ளத்துக்காரரிடம் "பாடு எப்பிடி?" என்று கேட்டால், புல்மோட்டையில் கிடைக்கும் பதில் பெரும்பாலும் ஒன்றுதான்: "ஏதோ, பரவாயில்ல." வள்ளத்துக்குள் பாரை மீன் குவிந்து கிடக்கும்போதும் அதே பரவாயில்லைதான். மீன் பெட்டியின் மேல் ஈரச்சாக்கு ஒன்று போர்த்தியிருக்கும். கேட்டால் வெயிலுக்கு என்பார்கள். மாரியில் வானம் மூடிக் கிடக்கிற நாளிலும் அந்தச் சாக்கு அங்கேதான் கிடக்கும்.

நான் அந்த ஊரில் படிப்பித்த காலத்தில், நகரத்திலிருந்து வந்த என் மருமகனை ஒரு நாள் கரைக்குக் கூட்டிக்கொண்டு போனேன். சாக்கு விலகிய ஒரு கணத்தில் பையன் பெட்டியைப் பார்த்துவிட்டான். "அடேயப்பா, எவ்வளவு மீன்!" என்றான். வள்ளத்துக்காரரின் முகம் ஒரு மாதிரிப் போயிற்று. "மாஷா அல்லாஹ் எண்டு செல்லுங்க தம்பி" என்றார். குரலில் கோபம் இல்லை, அவசரம் இருந்தது. பையன் சொன்னான். அவர் சாக்கை இழுத்து மூடிவிட்டு, அதற்குள் கைவிட்டு இரண்டு மீனை எடுத்து, "சேர், கறிக்கு வெச்சிக்கங்க" என்று என்னிடம் நீட்டினார்.

அந்த ஐந்து நிமிடத்தில் பொறாமை என்ற சொல்லை யாரும் வாயில் எடுக்கவில்லை. ஆனால் அங்கே நடந்ததெல்லாம் அதைப் பற்றித்தான்.

புல்மோட்டை திருகோணமலை மாவட்டத்தின் வடக்கு ஓரம். நகரிலிருந்து கரையோரமாக ஐம்பது கிலோமீற்றருக்குச் சற்று மேல். குச்சவெளிப் பிரதேசம். ஊருக்கு வடக்கே கொக்கிளாய்க் களப்பு. அதைத் தாண்டினால் முல்லைத்தீவு மாவட்டம். ஊரில் பெரும்பான்மை முஸ்லிம்கள். பக்கத்தில் தென்னமரவாடி போன்ற பழைய தமிழ்க் கிராமங்கள் இருக்கின்றன. மேற்கே போனால் பதவி ஸ்ரீபுர பக்கத்துச் சிங்களக் குடியேற்றங்கள். சந்தை நாளில் மூன்று சமூகமும் ஒரே தராசுக்கு முன்னால் நிற்கும். ஆகவே பொறாமைக்கு மனிதர் வைத்திருக்கிற சொற்களை ஆராய இதைவிட வசதியான இடம் எனக்குக் கிடைக்கவில்லை.

முதலில் சொல்லை உடைத்துப் பார்ப்போம். பொறு என்பது வினை. அதோடு எதிர்மறை சேர்ந்தால் பொறா. மை சேர்ந்தால் பொறாமை. பொறுக்க முடியாமை, அவ்வளவுதான். எதைப் பொறுக்க முடியாது என்று சொல்லில் இல்லை. வெயிலைப் பொறுக்காததும் பொறாமைதான், பசியைப் பொறுக்காததும் பொறாமைதான் என்று இருந்திருக்க வேண்டிய சொல், அடுத்தவன் நன்றாயிருப்பதைப் பொறுக்காததற்கு மட்டும் என்று குறுகிவிட்டது. பொறுக்க முடியாத காரியங்களிலே இதுதான் தலையாயது என்று மொழி எப்போதோ தீர்மானித்துவிட்டது போலும். இன்னொரு விசித்திரம், இதற்கு எதிர்ச்சொல் இல்லை. பொறுமை என்று சொன்னால் அது வேறு எங்கோ போய்விடுகிறது. பொறுமைசாலி ஒருவன் முழுப் பொறாமைக்காரனாக இருக்கலாம். பத்து வருடம் பொறுத்திருந்து பழி தீர்ப்பவர்களை நாம் கண்டதில்லையா?

சொல் பழையது. தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியலில், உடம்பில் வெளிப்படும் உணர்வுகளை வரிசைப்படுத்தும் இடத்தில் பொறாமை இருக்கிறது. அந்த வரிசையில் அதற்கு அடுத்து நிற்கும் சொல் வியர்த்தல். தற்செயலோ என்னவோ, பொறாமைப்பட்டவனை நேரில் பார்த்தவர்களுக்கு அந்த அயல்வீடு பொருத்தமாகவே படும்.

வள்ளுவர் பொறாமை என்ற சொல்லைத் தலைப்பில் வைக்கவில்லை. அவர் எடுத்தது அழுக்காறு. வகுப்பில் இந்தச் சொல்லைக் கரும்பலகையில் எழுதி, இதை எப்படிப் பிரிப்பது என்று கேட்டேன். "அழுக்கு ஆறு சேர்" என்றது ஒரே குரலில் வகுப்பு. ஊத்தை ஓடுகிற ஆறு. பின்வரிசைப் பையன் ஒருவன் அது எந்த ஊர் ஆறு என்றும் விசாரித்தான். பிள்ளைகளைக் குறை சொல்ல முடியாது. பெரியவர்களும் மேடையில் அப்படித்தான் பிரிக்கிறார்கள், கைதட்டும் வாங்குகிறார்கள். உண்மையில் அழுக்கறு என்று ஒரு வினை இருந்தது. பொறாமைப்படு என்பது அதன் பொருள். அதன் பெயர்தான் அழுக்காறு. அந்த வினை செத்துப்போனதால் சொல் அநாதையாகி, அகப்பட்ட உறவோடு ஒட்டிக்கொண்டது. அதிகாரத்தின் கடைசிக் குறள் அழுக்கற்று என்று தொடங்குகிறது. இன்றைய கண்ணுக்கு அது அழுக்கு அற்று, அதாவது சுத்தமாகி. வள்ளுவர் சொன்னதோ பொறாமைப்பட்டு என்று. ஒரே எழுத்து வரிசை இரண்டு நேர்மாறான பொருளைத் தருகிறது. உரையில்லாமல் குறள் படிக்கலாம் என்பவர்களுக்கு நான் காட்டுகிற முதல் இடம் இது.

அதிகாரங்களின் அடுக்கைப் பார்த்தால் இன்னொன்று தெரியும். 16 பொறையுடைமை, 17 அழுக்காறாமை, 18 வெஃகாமை, 19 புறங்கூறாமை. பொறுத்தல் தவறினால் அழுக்காறு. அழுக்காறு முற்றினால் அடுத்தவன் பொருளை வெஃகுதல். அது கைகூடாவிட்டால் புறம் பேசுதல். நோய் முற்றும் வரிசை இது. அழுக்காற்றையும் வெஃகுதலையும் இரண்டாகப் பிரித்ததில்தான் நுட்பம் இருக்கிறது. அவனுடைய வள்ளம் எனக்கு வேண்டும் என்பது வெஃகுதல். எனக்கு வேண்டாம், ஆனால் அவனிடம் அது இருக்கக்கூடாது என்பது அழுக்காறு. முன்னதற்கு வள்ளம் கிடைத்தால் தீர்ந்தது. பின்னதற்கு அந்த வள்ளம் உடைய வேண்டும்.

அவ்வியம், ஔவியம் என்றும் ஒரு சொல் இருந்தது. 'ஔ' எழுத்துக்கு வேறு சொல் அதிகம் அகப்படாததால் ஆத்திசூடியில் அது உயிர் பிழைத்தது; பாலர் வகுப்புக்கு வெளியே அதற்கு வாழ்வு இல்லை. அசூயை, மாற்சரியம் இரண்டும் வடமொழியிலிருந்து வந்து புத்தகத்தோடு தங்கிவிட்டன. காழ்ப்பு எழுத்தாளர்களின் சொல். இவற்றை விட்டுவிட்டு வாயில் புழங்கும் சொற்களுக்கு வந்தால், எங்கு பார்த்தாலும் நெருப்பு. எரிச்சல், வயிற்றெரிச்சல், புகைச்சல். "அவன் வெந்து சாகிறான்" என்கிறோம். ஈழத்துத் தமிழில் காய்மகாரம் என்று ஒரு அருமையான சொல் உண்டு, அதிலும் காய்தல் இருக்கிறது. "அவனுக்குக் காய்மகாரம்" என்று ஒரு கிழவி சொல்லிக் கேட்க வேண்டும். பொறாமை என்ற சொல் அதற்குப் பக்கத்தில் வெளிறிப் போய்விடும். தமிழ்நாட்டில் இதைப் பங்காளிக் காய்ச்சல் என்கிறார்கள். காய்ச்சல் யாரிடமிருந்து யாருக்குத் தொற்றும் என்பதையும் சேர்த்தே சொல்லிவிடுகிற கெட்டிக்காரத்தனம் அது. அந்நியனைப் பார்த்து யாருக்கும் காய்ச்சல் வருவதில்லை. பிச்சைக்காரன் கோடீசுவரனைப் பார்த்துப் பொறாமைப்படுவதில்லை, தன்னைவிட நாலு காசு கூடச் சேர்த்த இன்னொரு பிச்சைக்காரனைப் பார்த்துத்தான் படுகிறான் என்று 1930இல் பெர்ட்ரண்ட் ரஸல் எழுதியதும் இதைத்தான்.

நெருப்பு எரிகிற இடம் வயிறு. மகாபாரதத்தில் குந்திக்குப் பிள்ளை பிறந்த செய்தி கேட்டுக் காந்தாரி அடித்துக்கொண்டது தன் வயிற்றில். அந்த வயிற்றில் பிறந்தவன்தான் இந்திரப்பிரத்தத்து மண்டபத்தைப் பார்த்துப் பொறுக்க முடியாமல் நாட்டையே எரித்தவன். பாஞ்சாலி சபதத்தில் பாரதி கதையை அவனுடைய பொறாமையிலிருந்தே தொடங்குகிறார். 2009இல் ஜப்பானிய ஆய்வாளர்கள், தம்மோடு ஒத்தவர்களின் மேன்மையைப் படித்தவர்களின் மூளையைப் படம்பிடித்து, உடல் வலியோடு தொடர்புள்ள பகுதி அப்போது கிளர்வதாகச் 'சயன்ஸ்' இதழில் எழுதினார்கள். நம் பாட்டிமாருக்கு அது செய்தியே அல்ல.

இதுவரை சொன்ன சொற்கள் எல்லாம் பொறாமைப்படுகிறவனின் உடம்பைப் பேசுபவை. ஆனால் புல்மோட்டையில் அன்றாடம் காதில் விழுகிற சொல் இவற்றில் ஒன்றும் இல்லை. கண்ணூறு, நாவூறு. "கண் பட்டுட்டு." இவை பொறாமைக்கு ஆளானவன் பக்கத்துச் சொற்கள். ஊறு என்றால் தீங்கு. கண்ணால் வந்தால் கண்ணூறு, நாக்கால் வந்தால் நாவூறு. பிள்ளை பால் குடிக்காவிட்டால், மாடு கறக்காவிட்டால், புதுவலை முதல் நாளே கடலடிப் பாரில் கிழிந்தால் யாரோ பார்த்துவிட்டார்கள், யாரோ சொல்லிவிட்டார்கள். தமிழ் வீடுகளில் செத்தல் மிளகாயும் உப்பும் எடுத்துத் தலையைச் சுற்றி அடுப்பில் போடுவார்கள்; மிளகாய் நெடி வராவிட்டால் நாவூறு உண்டு என்று உறுதி. முஸ்லிம் வீடுகளில் ஓதிப் பார்ப்பார்கள், தண்ணீர் ஓதிக் குடுப்பார்கள். ஓதுவதில் முக்கியமானது குர்ஆனின் 113ஆம் அத்தியாயம், ஐந்தே வசனம். பொறாமைக்காரன் பொறாமைப்படும்போது அவனுடைய தீங்கிலிருந்து காவல் தேடுவதோடு அது முடிகிறது.

சிங்களத்தில் பொறாமைக்கு இரிசியாவ என்று சொல் உண்டு. ஆனால் பயப்படுகிற இடத்தில் அவர்களும் வேறு சொல்லுக்குத்தான் போகிறார்கள்: எஸ்வஹ, கட்டவஹ, ஹோவஹ. கண் நஞ்சு, வாய் நஞ்சு, நினைவு நஞ்சு. நம்முடைய கண்ணூறு, நாவூறு என்ற இரண்டுக்கும் மேலே மூன்றாவதாக நினைப்புக்கும் ஒன்று வைத்துக்கொண்டார்கள். கொக்கிளாய்க் கரையில் மீன்வாடி போட்ட சிங்கள மீனவரும் புல்மோட்டை முஸ்லிம் மீனவரும் கடல் எல்லைக்குச் சண்டை பிடிப்பதுண்டு. கண்ணுக்குப் பயப்படுவதில் எல்லை ஏதுமில்லை. லத்தீனிலும் இதே கதை. ஆங்கிலேயரின் பொறாமைச் சொல்லுக்குத் தாய்ச்சொல்லான இன்விடியா, ஒருவனைத் தீய கண்ணால் பார்ப்பது என்ற பொருளில் பிறந்தது. தாந்தே தன் காவியத்தில் பொறாமைக்காரர்களுக்குக் கொடுத்த தண்டனை, இமைகளை இரும்புக் கம்பியால் தைத்துவிடுவது.

அரபு மரபு இதில் ஒரு படி மேலே போய்ச் சொல்லைப் பிரித்தது. ஹசது என்றால் மற்றவனிடமிருந்து அந்த அருள் நீங்க வேண்டும் என்று விரும்புவது. கிப்தா என்றால் அவனிடம் இருக்கட்டும், எனக்கும் கிடைக்கட்டும் என்பது. முன்னது பாவம், பின்னது குற்றமில்லை. இமாம் கஸ்ஸாலி தன் இஹ்யாவில் கோபத்துக்கும் குரோதத்துக்கும் பொறாமைக்குமாக ஒரு நூலையே ஒதுக்கி இந்தப் பிரிவை விளக்கினார். ஹசது நம் பேச்சுக்குள் வந்துவிட்டது. "ஹசதுக்காரன்" என்று திட்டுவதும் காதில் விழும். கிப்தா பள்ளிவாசல் படியைத் தாண்டி வரவில்லை. இது எனக்கு வேடிக்கையாகப் படுகிறது. இரண்டு சொல் ஒன்றாகக் கப்பலேறி வந்தன. திட்டப் பயன்படுவதை மட்டும் ஊர் இறக்கிக்கொண்டது. டச்சு மொழியிலும் இப்படி இரட்டைச் சொல் உண்டு. அதை வைத்தே 2009இல் டச்சு உளவியலாளர்கள் கெடுக்கும் பொறாமை, கெடுக்காத பொறாமை என்று இரண்டு வேறு அனுபவங்கள் இருப்பதைக் காட்டினார்கள். தமிழில் கிப்தாவுக்குக் கிட்ட வருவது ரோசம்தான். "ரோசத்துல படிச்சான்" என்கிறோமே, அது.

காதலில் வருகிற பொறாமையைப் பற்றியும் சொல்லிவிட்டுப் போகலாம். மற்ற மொழிக்காரர் இதையும் பொறாமையையும் ஒரே சாக்கில் கட்டுவது உண்டு. பழந்தமிழ் கட்டவில்லை. அதற்குப் புலவி, ஊடல், துனி என்று படிப்படியாகச் சொற்கள். மருதம் என்று ஒரு திணையே எழுதிக் கொடுத்தாயிற்று. தலைவன் தும்மினால் உன்னை யார் நினைத்தது என்று தலைவி அழுகிற இடம் குறளில் சிரிப்பை வரவைக்கும் இடம். வள்ளுவர் அதை அழுக்காற்றில் அல்ல, காமத்துப்பாலில் வைத்தார். இன்று சினிமாவும் தொலைக்காட்சி நாடகமும் எல்லாவற்றையும் பொறாமை என்றே மொழிபெயர்த்து இந்த வேறுபாட்டை அழித்துவிட்டன. எனக்கு இதில் உண்மையான வருத்தம்.

மீண்டும் கரைக்கு வருவோம். அமெரிக்க மானிடவியலாளர் ஜோர்ஜ் ஃபோஸ்டர் 1965இல் ஒரு கட்டுரை எழுதினார். குடியானவச் சமூகங்களில் நல்லது எதுவும் அளவோடுதான் இருக்கிறது என்று நம்புகிறார்கள். ஒருவனுக்குக் கூடினால் இன்னொருவனுக்குக் குறைந்தே தீரும் என்பது அவர் வாதம். 1972இல் எழுதிய இன்னொன்றில், பொறாமைக்கு அஞ்சும் மனிதர்கள் செய்கிற நான்கு காரியங்களைச் சொன்னார்: ஒளிப்பது, மறுப்பது, பேருக்குக் கொஞ்சம் கொடுப்பது, உண்மையாகவே பகிர்வது. மெக்சிகோக் கிராமத்தைப் பார்த்து எழுதியவர் புல்மோட்டைக் கரையைக் கண்டிருக்க மாட்டார். ஈரச்சாக்கு ஒளிப்பது. "பரவாயில்ல" மறுப்பது. கறிக்கு இரண்டு மீன் பேருக்குக் கொடுப்பது. நான்காவது, நூற்றுக்கு இரண்டரை வீதம் ஸக்காத்து, கந்தூரிச் சோறு, நோன்புக் கஞ்சி. ஆனால் ஃபோஸ்டரோடு எனக்கு ஒரு சண்டை உண்டு. நல்லது அளவோடுதான் இருக்கிறது என்பது குடியானவனின் மனப்படம் என்றார் அவர். இந்தக் கரையில் அது மனப்படமா? கரைவலைப் பாடு இத்தனைதான், களப்பில் இறால் இத்தனைதான், வாடி போட இடம் இத்தனைதான். ஒருவன் அள்ளினால் மற்றவனுக்குக் குறைவது கண் முன்னால் நடக்கிறது. கணக்குத் தெரிந்தவனை மூடநம்பிக்கைக்காரன் என்பதா?

ஊரின் மணலையே எடுத்துக்கொள்ளுங்கள். அரிசிமலைக்கும் கொக்கிளாய்க்கும் இடைப்பட்ட கரையின் கறுப்பு மணலில் இல்மனைட், ரூட்டைல், சிர்கோன் இருக்கின்றன. கனிய மணல் கூட்டுத்தாபனம் 1957இல் உருவானது. காந்தம் வைத்து இல்மனைட்டைப் பிரிப்பார்கள். மிச்சத்தில் மின்சாரம் கடத்துவது ரூட்டைல், கடத்தாதது சிர்கோன். கப்பலில் ஏறிப்போகிற இல்மனைட் பிற நாட்டில் டைட்டானியம் டையொக்சைட்டாகி, உலகத்துச் சுவர்களுக்கெல்லாம் வெள்ளை நிறம் கொடுக்கிறது. ஊரில் சவூதிக்கும் கட்டாருக்கும் போய் உழைத்தவர்கள் வீடு கட்டி வெள்ளை பூசுகிறார்கள். முகப்பில் மாஷா அல்லாஹ் என்று பொறித்த பளிங்குத் துண்டு, அதுவும் கண்ணூறுக்குத்தான். பக்கத்துத் தமிழ்க் கிராமத்தில் அந்த இடத்தில் வெருளி கட்டியிருப்பார்கள். கறுப்பாகப் போன மண்ணின் வெள்ளைதான் அந்தச் சுவரில் இருக்கிறதோ என்று எதிர்வீட்டுத் திண்ணையில் இருந்து யோசித்திருக்கிறேன். திண்ணைக்காரர் அந்த வீட்டைப் பார்க்கிற பார்வையில் பொறாமை இருக்கலாம். ஆனால் எங்கள் மண்ணுக்கு எங்கள் பிள்ளைகளுக்கு என்ன வந்தது என்று அவர் கேட்டால், அதற்கும் அதே பெயரா?

நான் இந்தச் சொல்லைத் துருவத் தொடங்கியதே அப்படி ஒரு கேள்வியால்தான். சுனாமிக்குப் பிந்திய மாதங்கள், 2005. வள்ளமும் என்ஜினும் வீடும் பகிர்கிற காலம். ஒரு மண்டபத்தில் பட்டியல் வாசித்தார்கள். வாசித்த அமைப்பின் பெயர் இங்கே வேண்டாம். நடுவயது மீனவர் ஒருவர் எழுந்தார். தோளில் துவாய், கையில் நாலாக மடித்த ஒரு கடதாசி. "கடலுக்கே எறங்காத ஆளுக்கு வள்ளம் எழுதியிருக்கீங்க. எனக்கு வேணாம். அவருக்கு எப்பிடி வந்த எண்டு மட்டும் செல்லுங்க" என்றார். மண்டபம் ஒரு நிமிடம் அமைதியானது. பிறகு முன்வரிசையில் இருந்த ஒருவர், திரும்பிக்கூடப் பார்க்காமல், "பொறாமையில பேசுறான், விடுங்க" என்றார். சிலர் சிரித்தார்கள். பட்டியல் தொடர்ந்தது. மீனவர் கடதாசியை இன்னும் ஒரு மடிப்பு மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டு இருந்துவிட்டார்.

அந்த ஒரு சொல் ஒரு முறைப்பாட்டைக் கொன்றதை அன்று கண்டேன். திருட்டு என்று குற்றம் சாட்டினால் சாட்சி கேட்பார்கள். பொய் என்றால் ஆதாரம் கேட்பார்கள். பொறாமை என்றால் ஒன்றும் கேட்கமாட்டார்கள். குற்றம் சாட்டப்பட்டவன் மறுத்தால் அதுவே அத்தாட்சியாகிவிடும்.

இதற்குக் காரணம் சொல்லின் இலக்கணத்தில் இருக்கிறது. எனக்குப் பசி, எனக்குக் கோபம், எனக்கு ஆசை, ஏன், எனக்கு வெட்கம் என்றுகூடச் சொல்வோம். எனக்குப் பொறாமை என்று யாரும் மனம் அறிந்து சொல்லி நான் கேட்டதில்லை. அவனுக்குப் பொறாமை, உனக்குப் பொறாமை. படர்க்கையிலும் முன்னிலையிலும் ஓடித் திரிகிற சொல், தன்மை இடத்துக்கு வந்ததும் நின்றுவிடுகிறது. இப்போது இளைஞர்கள் "உன்னப் பாத்தா பொறாமையா இருக்கு மச்சான்" என்று கைபேசிப் படத்துக்குக் கீழே எழுதுகிறார்கள். அது ஒப்புதல் அல்ல, பாராட்டு. ஆங்கிலத்திலிருந்து இறங்கிய பழக்கம். உண்மையில் பொறாமைப்பட்டவன் அதை எழுதமாட்டான். படத்தைப் பார்த்துவிட்டுப் பேசாமல் போய்விடுவான்.

தத்துவக்காரர்கள் இந்த இடத்தைக் கவனமாகவே உழுதிருக்கிறார்கள். அரிஸ்டாட்டில் மூன்றாகப் பிரித்தார்: ஒத்தவனின் நன்மை கண்டு நோவது, தகுதியில்லாதவனுக்கு வந்த நன்மை கண்டு சினப்பது, தானும் அப்படியாக முயல்வது. நடுவில் உள்ள சினம் நல்ல மனிதனின் குணம் என்றார். 1971இல் ஜோன் ரோல்ஸ் தன் நீதிக் கோட்பாட்டு நூலில், பொறாமை வேறு, அநீதி கண்ட மனக்குமுறல் வேறு என்று மறுபடி கோடு கிழித்தார். மனக்குமுறுகிறவன் தனக்கு இழைக்கப்பட்ட தவறு என்னவென்று சுட்டிக்காட்டக் கடமைப்பட்டவன் என்பது அவர் கணக்கு. மண்டபத்து மீனவர் செய்தது அதைத்தான்.

தமிழுக்கு இந்தக் கோடு தெரியாது என்று சொல்லிவிட முடியாது. வயிற்றெரிச்சல் என்ற சொல்லையே பாருங்கள். "அவளுக்கு என் மேல வயித்தெரிச்சல்" என்றால் பொறாமை. "ஏழைட வயித்தெரிச்சலக் கொட்டிக்காத" என்றால் அநீதிக்கு ஆளானவரின் வேதனை, அது சும்மா விடாது என்ற எச்சரிக்கை. ஒரே நெருப்பு, ஒரே வயிறு. முன்னதை வெறுக்கிறோம், பின்னதற்கு நடுங்குகிறோம். முஸ்லிம் பேச்சில் பின்னதற்குத் தனிச்சொல்லே உண்டு: பதுவா. அநீதி இழைக்கப்பட்டவரின் பிரார்த்தனைக்கும் இறைவனுக்கும் நடுவில் திரை இல்லை என்ற நபிமொழியை ஊரில் அறியாதவர் இல்லை. குறளிலும் ஓர் இடம் இருக்கிறது. ஒருவர் இன்னொருவருக்குக் கொடுப்பதைக் கண்டு அழுக்கறுப்பவனின் சுற்றம் உடுக்கவும் உண்ணவும் இல்லாமல் கெடும் என்கிறது அது. நிவாரணப் பட்டியலைத் தட்டிக் கேட்டவனை நோக்கி முன்வரிசைக்காரர் இதை வீசியிருக்கலாம். ஆனால் வள்ளுவர் கடிந்தது, இல்லாதவனுக்குப் போகிற கையைத் தடுப்பவனை. கடலுக்கு இறங்காதவனுக்கு வள்ளம் போவதைக் கேட்டவன், இறங்குகிறவனுக்குப் போகவேண்டிய வழியைத் திறக்கப் பார்த்தவன். பொருத்தினால் அந்தக் குறள் பட்டியல் எழுதியவர்களுக்கே பொருந்தும்.

ஊர் அளவில் நடப்பது நாட்டு அளவிலும் நடக்கிறது. 1970களின் தொடக்கத்தில் பல்கலைக்கழக அனுமதிக்குத் தரப்படுத்தல் வந்தபோது, கூடுதல் புள்ளி கேட்கப்பட்ட தமிழ் மாணவர்களுக்கு அது அப்பட்டமான அநீதி. எதிர்ப்பக்கத்தில், இத்தனை காலம் அவர்கள் அதிகம் எடுத்துவிட்டார்கள் என்ற பேச்சு. ஒரு பக்கம் அடுத்த பக்கத்தைப் பொறாமை என்றது, அடுத்த பக்கம் ஆணவம் என்றது. பிறகு வந்த மாவட்டக் கோட்டாவினால் திருகோணமலை போன்ற பின்தங்கிய மாவட்டப் பிள்ளைகள் பயன் பெறுகிறார்கள். அதைப் பற்றி யாழ்ப்பாணத்திலும் கொழும்பிலும் முணுமுணுப்பு உண்டு. எது பொறாமை, எது நியாயம் என்று புள்ளிவிவரத்தை விரித்துவைத்துத்தான் பேசலாம். சொல்லை வீசினால் பேச்சு முடிந்துவிடும்.

இதன் மறுபக்கமும் ஆபத்தானது. 1915இல் முஸ்லிம் கடைகள் எரிந்தன. 2014 ஜூனில் அளுத்கமையிலும் 2018 மார்ச்சில் திகனையிலும் மறுபடி எரிந்தன. ஒவ்வொரு தடவையும் "வியாபாரப் பொறாமை" என்று நாமே விளக்கம் சொல்லிக்கொள்கிறோம். ஆறுதலான விளக்கம்தான். ஆனால் பொறாமை தேநீர்க் கடையில் நாற்பது வருடம் சும்மா குந்திக்கொண்டு இருக்கும். அது தானாகப் பெற்றோல் வாங்கப் போவதில்லை. ஆள் சேர்த்தவன், வாகனம் கொடுத்தவன், பேசித் தூண்டியவன், பார்த்துக்கொண்டு நின்ற அதிகாரி எல்லோரும் அந்த ஒரு சொல்லுக்குள் ஒளிந்துகொள்கிறார்கள். குற்றத்தை உணர்வாக்கிவிட்டால் வழக்கு எதற்கு? முறைப்பாட்டைக் கொல்லவும் குற்றத்தை மறைக்கவும் ஒரே சொல் உதவுகிறது என்றால், அதைக் கையில் எடுக்கும் முன் நாலு தடவை யோசிக்கத்தான் வேண்டும்.

சொல்லைத் துரத்திவிட வேண்டும் என்று நான் சொல்லவில்லை. பொறாமை உண்டு; எனக்கும் உண்டு. என்னோடு ஒன்றாக எழுதத் தொடங்கிய ஒருவரின் புத்தகம் மூன்றாம் பதிப்புக் கண்டபோது எனக்கு வயிற்றில் எரிந்தது. அன்று அதற்கு விமர்சனப் பார்வை என்று பெயர் வைத்துக்கொண்டேன். தன்மை இடத்தில் இந்தச் சொல் வராது என்று மேலே எழுதியதற்கு இது ஒரு விதிவிலக்காக இருக்கட்டும்.

அகராதிக்காரர்களுக்கு ஒரு வேண்டுகோளும் உண்டு. சென்னைப் பல்கலைக்கழகத்தின் பேரகராதியும் பிறகு வந்த கிரியாவும் ஈழத்துச் சொற்களுக்கு இடம் கொடுத்தன. ஆனால் புல்மோட்டை, குச்சவெளி, கிண்ணியா, மூதூர்ப் பக்கத்து முஸ்லிம் பேச்சில் ஹசது, பதுவா, கண்ணூறு ஆகியவை எந்தச் சூழலில் எந்தப் பொருளில் ஒன்றிலிருந்து ஒன்று பிரிகின்றன என்பதைக் கரையில் நின்று கேட்டு எழுதிவைக்க வேண்டும். கேட்டால் சொல்கிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

2005இல் மண்டபத்தில் எழுந்து நின்றவர் இப்போது கடலுக்குப் போவதில்லை, முழங்கால் விட்டுவிட்டது. போன வருடம் கடைத்தெருவில் கண்டேன். அந்த வள்ளம் யாருக்கு எப்படிப் போனது என்று அவருக்கு இதுவரை யாரும் பதில் சொல்லவில்லை. பொறாமைக்காரர் என்ற பெயர் மட்டும் ஊரில் அப்படியே நிற்கிறது.